ஸெமுன் வரைக்கும் போகிற படகு

விதோசவாவுக்கு உல்லாசப் படகு என்றாலே ஏளனம். டான்யூப் ஆற்றங்கரையில் பிறந்து, ஆற்றங்கரையிலேயே வாழ்க்கைப்பட்டு, ஆற்றைப் பார்த்தாற்போல் பெண்களுக்கான முடி அலங்காரக் கடையும் வைத்திருக்கிறவள், அதே ஆற்றைக் காசு கொடுத்துப் பார்ப்பாளா? ஸெமுனில் அப்படி யாரும் பார்த்ததில்லை. அது ஊர் சுற்ற வந்தவர்கள் வேலை, இல்லாவிட்டால் பெல்கிரேட்காரர்கள் வேலை. பாலத்தைத் தாண்டினால் பெல்கிரேட்தான், பேருந்தும் ஒன்றுதான், மேயரும் ஒருவர்தான். ஆனாலும் ஸெமுன்காரர்கள் பாலம் தாண்டும்போதெல்லாம் 'பெல்கிரேட் வரைக்கும் போயிட்டு வர்றேன்' என்று வெளியூர் போவதைப்போலத்தான் சொல்வார்கள். விதோசவா இன்னும் ஒரு படி மேல். பெல்கிரேட்டில் தலைமுடி வெட்டிக்கொண்டு வந்தவளைத் தன் கடைக்குள் விடவே மாட்டாள்.

அப்படிப்பட்டவள் அந்த மே மாதம் ஒருநாள் மத்தியானத்திலேயே கடையைச் சாத்திவிட்டு, புருஷன் ராதிவோயேயையும் இழுத்துக்கொண்டு, பெல்கிரேட் படகுத்துறையில் படகு படகாக ஏறி இறங்கிக்கொண்டிருந்தாள். எல்லாம் வியன்னாச் சம்பந்தியால் வந்த வினை.

மகள் துன்யாவுக்கு வியன்னாவில் வேலை. அங்கேயே லோரென்ஸ் என்கிற பையனைப் பிடித்துப்போயிற்று. பையன் தங்கம். குடிப்பான், சிரிப்பான், கோழிக்கால் எலும்பைக் கையால் பிடித்துத் தின்பான். விதோசவாவுக்கு அது போதும். தாய்க்காரி ஹெட்விக்தான் வேறு மாதிரி. ஓய்வுபெற்ற தலைமையாசிரியை, புருஷன் போய்ச் சேர்ந்து பல வருஷம். கல்யாணத்தை வியன்னாவில் வைத்துக்கொள்ளலாம், மண்டபம்கூடப் பார்த்தாயிற்று என்று அந்த அம்மாள் சொல்லியனுப்பிய அன்றைக்கு விதோசவா ஒரு வாடிக்கைக்காரியின் தலையில் சாயத்தை வைத்துவிட்டுக் கழுவ மறந்துபோனாள்.

செர்பியாவில் பெண் பிறந்த வீட்டு வாசலிலிருந்துதான் கிளம்புவாள். மாப்பிள்ளை தன் ஆட்களோடு வாசலுக்கு வந்து நிற்க வேண்டும், பெண் கேட்க வேண்டும், இவர்கள் பிகு பண்ண வேண்டும், அதற்கப்புறம்தான் கதவு திறக்கும். அந்த வாசலை விதோசவா போன கோடையில்தான் புதிதாக வர்ணம் அடித்து வைத்திருந்தாள். வியன்னாவில் கல்யாணம் என்றால் அவள் கையில் ஒரு பெட்டியோடு போய், யாரோ காட்டுகிற நாற்காலியில் உட்கார்ந்து, சொந்த மகள் கல்யாணத்துக்கு விருந்தாளியாகிவிட்டுத் திரும்ப வேண்டும். அதை நினைத்தாலே அவளுக்கு வயிறு எரிந்தது.

"அம்மா, அவங்க ரெண்டு நாள் வந்து பார்த்துட்டுத்தான் முடிவு சொல்வாங்களாம்," என்றாள் துன்யா தொலைபேசியில். "அவங்களைப் படகுல கூட்டிட்டுப் போ. அவங்களுக்குப் படகுன்னா உயிர். பிடிச்சுப்போச்சுன்னா நம்ம வாசல்லதான் கல்யாணம்."

"பிடிக்கலைன்னா?"

"பிடிக்கிற மாதிரி ஒரு படகு பாரேன்மா."

படகு என்றதும் விதோசவாவுக்குப் பழைய புண் ஒன்று வேறு திறந்துகொண்டது. போன குளிர்காலத்தில் இவர்கள் வியன்னா போயிருந்தபோது ஹெட்விக் இவர்களை ஒரு படகில் ஏற்றினாள். இவள் கைப்பையைத் திறப்பதற்குள் சீட்டு வாங்கியாகிவிட்டது. படகில் சூப்பு வேறு கொடுத்தார்கள். "இதுதான் எங்க டான்யூப். எங்களைத் தாண்டித்தான் உங்ககிட்ட வருது," என்றாள் ஹெட்விக். விதோசவா எட்டிப் பார்த்தாள். ஆறு எங்கே இருக்கிறது? அது டான்யூப்பிலிருந்து பிரிந்து ஊருக்குள் ஓடுகிற வாய்க்கால்! இரண்டு பக்கமும் சுவர்! வாய்க்காலில் வைத்துச் சூப்பு ஊற்றிவிட்டு ஆறு என்கிறாளே! அதை அப்படியே ஹெட்விக்கிடம் சொல்லும்படி மகளிடம் சொன்னாள். துன்யா மொழிபெயர்க்கும்போது எப்போதும் முனையை மழுக்கிவிடுவாள். "அம்மாவுக்கு ரொம்பப் பிடிச்சிருக்காம்," என்று சொல்லிவிட்டாள்.

ஆக, இப்போது பதிலுக்கு ஒரு படகு வேண்டும். ஆனால் எது?

ஒன்றில் மேசை விரிப்பெல்லாம் வெள்ளை வெளேரென்று இருந்தது, ஆனால் பரிமாறுகிற பையன் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தான். இன்னொன்றில் மேல்தளத்தில் இளவட்டங்கள் பாட்டுப் போட்டு ஆடிய ஆட்டத்தில் ராதிவோயேயின் தொப்பி ஆற்றோடு போய்விட்டது. கடைசியாகக் கண்ணாடிக் கூரை போட்ட ஒரு படகு அமைந்தது. சுத்தமாக இருந்தது. ஒலிபெருக்கியில் பதிவு செய்த குரல் ஒன்று மரியாதையாக ஒவ்வோர் இடமாகச் சொல்லிக்கொண்டு வந்தது. சவா ஆற்றில் கிளம்பி, பாலங்களுக்கு அடியில் நுழைந்து, கோட்டையைச் சுற்றி, சவா டான்யூப்போடு கலக்கும் இடத்துக்கு வந்தது படகு. 'தூரத்தில் தெரிவது ஸெமுன்' என்றது குரல். உடனே படகு திரும்பிவிட்டது.

விதோசவா எழுந்து நேராகப் படகோட்டியிடம் போனாள். மிலுதின் என்று பெயர். நரைத்த மீசை, நிதானமான ஆள்.

"ஏன்யா திருப்பிட்ட?"

"இங்கதான் திரும்பும்மா. எல்லாப் படகும் இங்கதான் திரும்பும்."

"தூரத்தில் தெரிவது ஸெமுனா? ஒரு ஊரையே ஒத்த வரியில முடிச்சுட்டு வாலைச் சுருட்டிக்கிட்டுத் திரும்புறியே, வெட்கமா இல்ல?"

"ஸெமுனைப் பார்க்க யாரும்மா கேக்குறா? பெல்கிரேட்டைப் பார்க்கத்தான் வர்றாங்க."

ராதிவோயே கண்ணை மூடிக்கொண்டான். முப்பது வருஷக் குடித்தனத்தில் எப்போது கண்ணை மூட வேண்டும் என்பதை மட்டும் அவன் சரியாகக் கற்றிருந்தான். இறங்குகிற வரைக்கும் விதோசவா அந்த மனிதரை விடவில்லை. கடைசியில் மிலுதினே கையெடுத்துக் கும்பிடாத குறையாகச் சொன்னார்: "நீங்களே படகு நிறைய ஆள் கூட்டிட்டு வாங்க. உங்க ஸெமுன் கோபுரம் வரைக்கும் என்ன, உங்க வீட்டு அடுப்படி வரைக்கும் ஓட்டுறேன்."

ஆள் கூட்டுவதா? அவளுக்கா? மறுநாளே கடைக்கு வந்த ஒவ்வொருத்தியிடமும் சொன்னாள். வியன்னாவிலிருந்து சம்பந்தி வருகிறாள், நம் ஊரை நாம்தான் காட்ட வேண்டும், நம்மையும் காட்ட வேண்டும், அன்றைக்குத் தலை அலங்காரம் என் செலவு. மருந்துக்கடை பெர்சிதாவிலிருந்து தபால்காரர் மனைவி வரைக்கும் எல்லாரும் பெயர் கொடுத்தார்கள். பிறந்ததிலிருந்து ஆற்றங்கரையில் இருந்தும் ஆற்றிலிருந்து தங்கள் ஊரைப் பார்த்திராதவர்கள் அவர்கள்.

அந்த நாள் வந்தது. காலையிலிருந்து மத்தியானம் வரை கடையில் சீப்பு ஓயவில்லை. சுருட்டின தலை, உயர்த்தின தலை, செம்பட்டை அடித்த தலை என்று சாயங்காலம் பெல்கிரேட் துறையில் கண்ணாடிப் படகு முழுக்கப் பெண்கள் ஏறி உட்கார்ந்தார்கள். மிலுதின் மீசையைத் தடவிக்கொண்டு அசந்துபோய் நின்றார். விதோசவா கரையில் நின்று அந்தத் தலைகளைப் பார்த்தாள். அத்தனையும் அவள் கைவேலை. அவளுக்குப் பெருமை பிடிபடவில்லை.

லோரென்ஸும் துன்யாவும் ஹெட்விக்கை நடத்திக்கொண்டு வந்தார்கள். சாம்பல் நிறக் கோட்டு, முதுகு நேராக, ஒரு மடிப்புக் கலையாத நடை. விதோசவா செர்பிய வழக்கப்படி மூன்று முறை கன்னத்தில் முத்தம் கொடுத்தாள். ஹெட்விக் இரண்டோடு நிறுத்தப் பார்த்தாள். விடவில்லை.

"ஏறுங்க சம்பந்தி," என்று படகைக் காட்டிக் கையை நீட்டினாள். அப்போதுதான் பக்கத்துப் படகிலிருந்து எக்காளம் முழங்கியது.

திரும்பிப் பார்த்தாள். சிவப்புக் கம்பளம் விரித்த பெரிய படகு. தளத்தில் எக்காளக்காரர்கள் கன்னம் உப்ப ஊதிக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்கு முன்னால் கோட்டும் சூட்டுமாக, கையில் ரக்கியா என்கிற பழச்சாராயக் குடுவையோடு நின்றவர் ஸ்ரேதென். துன்யாவின் ஞானத்தகப்பன், இந்தக் குடும்பத்தின் கூம்.

விதோசவா நீட்டிய கையை இறக்கினாள். புருஷனைப் பார்த்தாள்.

"கூம்கிட்ட நீ சொல்லலையா?"

"நீ சொல்லியிருப்பேன்னு நெனச்சேன்," என்றான் ராதிவோயே. கண்ணை மூடிக்கொண்டான்.

செர்பியாவில் எதை மறந்தாலும் கூமை மறக்கக் கூடாது. தலைமுறை தலைமுறையாக ஒரு வீட்டுக்கு இன்னொரு வீட்டார் கூமாக இருப்பார்கள். பிள்ளைக்குப் பெயர் வைப்பதும் அவர், கல்யாணத்துக்குச் சாட்சி நிற்பதும் அவர். அவருக்கு அந்த வீட்டுப் பெண் கூமா. ரத்த சொந்தத்தோடு சண்டை போடலாம், கூமோடு முடியாது. அவரைக் கேட்காமல் சம்பந்தி முகத்தில் விழிப்பது என்பது வெளியே சொன்னால் வெட்கக்கேடு.

"வாங்க கூமா, வாங்க," என்றார் ஸ்ரேதென் ஆற்றுக்கு அந்தப் பக்கமும் கேட்கும்படி. "மத்தியானம் என் பொண்டாட்டி தலையைக் கோபுரமாக் கட்டிக்கிட்டு வந்து நிக்கிறா. எங்கடி போறேன்னா, உங்க கூமா படகுக்குங்கிறா. எந்தக் கூமா, எந்தப் படகு? ஊர்ல நாய்க்குக்கூடத் தெரிஞ்சிருக்கு, எனக்குத் தெரியல!"

கண்ணாடிப் படகில் கோபுரத் தலைக்காரி ஒருத்தி மெல்லக் குனிந்துகொண்டாள்.

"கூமே, அது வந்து..."

"எங்க தாத்தா உங்க வீட்டுக்குக் கூம். எங்கப்பா கூம். இந்தப் பொண்ணை ஞானஸ்நானத் தொட்டித் தண்ணியில முக்கித் தூக்கினது இந்தக் கை. சம்பந்தி என் படகுலதான் ஏறணும். இல்லையா, சொல்லிடுங்க, கல்யாணத்துக்கு வேற கூமைத் தேடிக்குங்க!"

எக்காளம் நின்றுவிட்டது. கூம் இல்லாமல் அந்த வீட்டில் கல்யாணம் நடந்ததே இல்லை. கூமின் படகில் ஏறினால் ஊர்ப் பெண்கள் அத்தனை பேரையும் தலைவாரி உட்கார வைத்துவிட்டு அவமானப்படுத்தியதாகும். இரண்டுக்கும் நடுவே சாம்பல் நிறக் கோட்டில் நின்றவள் கைக்கடிகாரத்தைப் பார்த்தாள். போச்சு, எல்லாம் போச்சு, இந்தக் கூத்தைப் பார்த்த பிறகு எந்தச் சம்பந்தி வாசலுக்கு வருவாள் என்று நினைத்தாள் விதோசவா.

ஆனால் அவள் விதோசவா அல்லவா? நிமிர்ந்தாள். பலகை வழியாக விறுவிறுவென்று கூமின் படகில் ஏறி, அவர் கன்னங்களில் மூன்று முத்தம் வைத்தாள்.

"தப்பு என்னோடது, கூமே. உங்களைத்தான் முதல்ல கேட்டிருக்கணும்."

கண்ணாடிப் படகில் அத்தனை பெண்களும் வாயைப் பிளந்தார்கள். பொன்னிறம் கேட்டுப் பச்சை நிறத் தலையோடு வீடு திரும்பியவர்கள்கூட அவள் வாயிலிருந்து அந்த வார்த்தையைக் கேட்டதில்லை. ஸ்ரேதென் குடுவையை ஒரு கையிலிருந்து மறு கைக்கு மாற்றிக்கொண்டார்.

கரையில் ஹெட்விக் மருமகளாகப் போகிறவளைப் பார்த்தாள். "என்ன சண்டை இது?"

"ஒண்ணுமில்ல, ஏற்பாட்டுல சின்னக் குழப்பம்..." என்று வழக்கம்போல் ஆரம்பித்த துன்யா நிறுத்தினாள். அம்மா இன்னும் கூமின் படகில் தலைகுனிந்து நின்றுகொண்டிருந்தாள். "இல்ல, பெரிய சண்டைதான். உங்களை யாரு கூட்டிட்டுப் போறதுங்கிறதுதான் சண்டை. அவரைக் கேட்காம அம்மா படகு பார்த்துட்டாங்க, அதுக்காக அவர் இனிமே கூமே இல்லைங்கிறார். எங்கம்மா பிறந்ததிலேர்ந்து யார்கிட்டயும் மன்னிப்புக் கேட்டதில்ல. இப்பக் கேட்டாங்க, உங்களுக்காக."

ஹெட்விக் கடிகாரத்தைக் கோட்டுக் கைக்குள் தள்ளினாள். இரண்டு படகுகளையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"இதுல எந்தப் படகு உங்க வீட்டுப் பக்கம் போகுது?"

துன்யா அதை மொழிபெயர்த்துச் சொன்னதும் ஸ்ரேதென் தன் படகோட்டியைப் பார்த்தார். அவன் பாலங்கள் வரைக்கும்தான் என்று கையை விரித்தான். "என்னோடது போகுது," என்றாள் விதோசவா.

"அப்ப அதுலதான் ஏறணும்," என்று சொல்லிவிட்டு ஹெட்விக் கண்ணாடிப் படகில் ஏறி உட்கார்ந்தாள்.

ஸ்ரேதெனின் முகம் சுருங்குவதற்குள் விதோசவா அவர் முழங்கையைப் பிடித்தாள். "சம்பந்தியை வீட்டுக்குக் கூட்டிட்டுப் போறோம். கூம் முன்னால போகாம வேற யாரு போவாங்க?"

அவர் கொஞ்சம் யோசித்தார். அப்புறம் மார்பு விரிந்தது. "டேய், ஸெமுனுக்கு விடுடா!" என்று படகோட்டியைப் பார்த்துக் கத்தினார். அவன் முணுமுணுத்தான். அவன் கையில் குடுவை திணிக்கப்பட்டது. எக்காளக்காரர்கள் மறுபடி கன்னத்தை உப்பினார்கள்.

கூமின் படகு முன்னால், கண்ணாடிப் படகு பின்னால். சவாவில் பதிவுக்குரல் மரியாதையாகப் பேசிக்கொண்டே வந்தது, எக்காளத்தில் ஒன்றும் காதில் விழவில்லை. இரண்டு ஆறும் கலக்கும் இடம் வந்தது. இங்கிருந்து பார்த்தால் டான்யூப்புக்கு அக்கரை ஏதோ வேறு நாடு மாதிரி தள்ளிக் கிடக்கும். ஹெட்விக் கூரைக் கண்ணாடியிலிருந்து கண்ணை இறக்கி அந்தத் தண்ணீர்ப் பரப்பைப் பார்த்தாள்.

"இவ்வளவு பெரிசா?" என்றாள்.

"உங்ககிட்ட அது குழந்தையா இருந்துச்சு. எங்ககிட்ட வர்றப்ப ஆளாயிடுச்சு," என்றாள் விதோசவா. துன்யா அதை அப்படியே, மழுக்காமல் சொன்னாள். ஹெட்விக்கின் உதட்டோரம் அசைந்தது.

'தூரத்தில் தெரிவது ஸெமுன்' என்றது குரல். அதோடு அதனிடம் பதிவு தீர்ந்துபோயிற்று. படகு திரும்பவில்லை, ஆற்று நடுவே இருந்த தீவை ஒட்டி மேலே போய்க்கொண்டே இருந்தது. ஒலிபெருக்கி கரகரத்துவிட்டு ஓய்ந்தது. இனி யார் ஊரைச் சொல்வது?

"அதோ அந்தப் பச்சை ஜன்னல் என்னோடது!" என்று எழுந்தாள் பெர்சிதா. "கம்பளி தொங்குது பாருங்க. மழை வரும், எடுத்து வையின்னு சொல்லிட்டு வந்தேன். அந்த மனுஷன் இன்னும் எடுக்கல!"

அவ்வளவுதான். அத்தனை பெண்களும் ஒரே நேரத்தில் பேசத் தொடங்கினார்கள். அது எங்கள் பள்ளிக்கூடம். இது எங்கள் ரொட்டிக்கடை, அடுப்பு அணைந்ததே இல்லை. அந்த மாதா கோவில் மணி எங்கள் தெருக்காரர்கள் வாங்கிக் கொடுத்தது. தபால்காரர் மனைவி கல்படிகளைக் காட்டினாள்: "அந்தப் படியிலதான் என்னைக் கட்டிக்கிறியான்னு கேட்டார். மாட்டேன்னேன். அடுத்த படியில மறுபடி கேட்டார். இப்படியே மேல வரைக்கும். மூச்சு வாங்குச்சு, அதனால சரின்னுட்டேன்." மேலே குன்றின் உச்சியில் கர்தோஷ் கோபுரம் நின்றது. கோபுரத் தலைக்காரி அதைக் காட்ட எழுந்தாள். கூரை திறந்திருந்த பக்கமாக ஆற்றுக்காற்று அடித்தது. காலையிலிருந்து பாடுபட்டு நிறுத்திய தலைகள் ஒவ்வொன்றாகச் சரிந்தன. யாரும் கவலைப்படவில்லை. விதோசவாகூடக் கவலைப்படவில்லை. துன்யாவால் மொழிபெயர்த்து மாளவில்லை. ஹெட்விக்கின் கொண்டையும் அவிழ்ந்து தோளில் விழுந்தது. அவள் சிரித்துக்கொண்டிருந்தாள்.

கரையில் மாலை உலா போனவர்களும், மீன் சாப்பாட்டுக் கடைகளில் உட்கார்ந்திருந்தவர்களும் எக்காளம் கேட்டு எழுந்து வந்துவிட்டார்கள்.

"யார் வீட்டுக் கல்யாணம்?"

"விதோசவா வீட்டுது!" என்று படகிலிருந்து குரல்கள்.

கரை முழுக்கக் கை ஆட்டியது. "விதா! விதா!" மிலுதின் தானாகவே ஊதுகுழலை அழுத்தினார்.

"இவங்க எல்லாருக்கும் உங்களைத் தெரியுமா?" என்று கேட்டாள் ஹெட்விக்.

"தெரியாதவங்க யாராவது இருந்தா அவங்க பெல்கிரேட்காரங்களா இருக்கும்."

ஹெட்விக் சிரித்துவிட்டு, பிறகு சிரிப்பை நிறுத்தினாள்.

"வியன்னாவுல நாம போனோமே, அன்னைக்குக் கரையில யாராவது கை ஆட்டினாங்களா?"

விதோசவா யோசித்துப் பார்த்தாள். "இல்ல," என்றாள்.

"என் பள்ளிக்கூடம் அந்தக் கரையிலதான். வீடும் அங்கதான். கல்யாணத்துக்குன்னு பார்த்து வச்ச மண்டபமும் அங்கதான். என் பையன் கல்யாணக் கோலத்துல அந்தப் பக்கம் போனா, திரும்பிப் பார்க்க ஆள் கிடையாது."

துன்யா இதையும் மழுக்காமல் சொன்னாள். இத்தனை நாள் இதைவிட நல்ல ஒரு வெற்றியை விதோசவா கேட்டிருக்க மாட்டாள். ஆனால் ஜெயித்த மாதிரி அவளுக்குத் தோன்றவில்லை. அந்த அம்மாளின் கையைப் பிடித்தாள், எழுப்பினாள், படகின் கைப்பிடிக் கம்பி வரைக்கும் இழுத்துக்கொண்டு போனாள்.

"இதோ மாப்பிள்ளையோட அம்மா! ஹெட்விக்!" என்று கரையைப் பார்த்துக் கத்தினாள்.

"ஹெட்விக்! ஹெட்விக்!" என்றது கரை. முன்பின் பார்த்தறியாதவர்கள் கைக்குட்டையை எடுத்து ஆட்டினார்கள். ஹெட்விக் முதலில் விரலை மட்டும் அசைத்தாள். அப்புறம் கையை. அப்புறம் இரண்டு கையையும் தூக்கி, பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரி ஆட்டினாள்.

"இந்தப் படகுத்துறையிலேர்ந்து உங்க வாசல் எவ்வளவு தூரம்?" என்று திரும்பாமலேயே கேட்டாள்.

"ஒரு சிகரெட் பிடிக்கிற தூரம்," என்றான் ராதிவோயே. அன்றைக்கு அவன் சொல்லிவிட்டுக் கண்ணை மூடாத முதல் வார்த்தை அது.

ஹெட்விக் மகனைப் பார்த்து ஜெர்மனில் ஏதோ சொன்னாள். லோரென்ஸ் தாயைக் கட்டிக்கொண்டான். துன்யா வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள்.

"என்னடி சொல்றாங்க? சொல்லித் தொலையேன்!"

"கல்யாணத்தன்னைக்கு நடந்தே வர்றாங்களாம்மா. அவங்களே லோரென்ஸைக் கையைப் பிடிச்சுக் கூட்டிட்டு வந்து, நம்ம வாசல்ல நின்னு பொண்ணு கேக்குறாங்களாம்."

விதோசவா மகளை விட்டாள், சம்பந்தியை விட்டாள், பெண்களை விலக்கிக்கொண்டு படகின் முன்முனைக்கு ஓடினாள். சரிந்த தலையோடு, இரண்டு கைகளையும் வாயில் குவித்து, எக்காளத்தையும் மீறி முன்னால் போகிற படகுக்குக் கேட்கும்படி கத்தினாள்.

"கூமே! உங்ககிட்டதான் முதல்ல சொல்றேன்! நம்ம வாசலுக்கு வர்றாங்க!"